கருகிய பிறகு வரும் எச்சரிக்கை

மலைக்காய்கறிப் பயிர்களுக்குப் பொறுப்பான அதிகாரிகளுக்கு ஒரு திறந்த மடல்

பெருமதிப்பிற்குரியோரே,

நீலகிரியில் ஏப்ரலில் நடவு தொடங்கும் இந்தக் கார்போகத்து உருளைக்கிழங்குக்கு என்ன நேர்ந்தது என்பதைத் தாங்கள் அறிவீர்கள். பின்பருவக் கருகல் நோய் பற்றிய அறிவிப்பு எங்கள் கைபேசிக்கு வந்து சேர்ந்தபோது, சரிவு முழுவதும் இலை கருகித் தண்டும் கறுத்து, தோட்டத்துக்குள் கால் வைக்கும்போதே அழுகல் வாடை அடித்துக்கொண்டிருந்தது. நோய் வருமுன் மேங்கோசெப் மருந்து தெளிக்கவும், எதிர்ப்புத் திறனுள்ள ரகத்தைத் தேர்ந்து நடவும் என்று அதில் இருந்தது. நின்று கருகும் பயிரின் ரகத்தை மாற்றும் வித்தையையும் அடுத்த அறிவிப்பில் சேர்த்துக்கொண்டால் நன்றியுடையவர்களாக இருப்போம்.

இந்நோய்க்குக் காரணமான பைட்டோப்தோரா இன்ஃபெஸ்டன்ஸ் என்னும் நுண்ணுயிரி யாருக்காகவும் காத்திருப்பதில்லை. 12 முதல் 15 பாகை செல்சியஸ் வரையிலான குளிரும் ஈரமும் சேர்ந்தால், அதன் ஒவ்வொரு வித்துப்பையிலிருந்தும் நீரில் நீந்தும் நுண்வித்துகள் பல வெளிப்படுகின்றன. இலை சில மணி நேரம் நனைந்திருந்தாலே அவை உள்ளே புகுந்துவிடும். கண்ணுக்குப் புள்ளி தெரியச் சில நாட்களாகும். அதற்குள், அல்லது அதையடுத்து, இலையின் அடிப்புறத்தில் வெண்பூசணம் படர்ந்து அடுத்த தலைமுறை காற்றில் கிளம்பிவிடும். மேங்கோசெப் இலையின் மேல் நின்று காக்கும் மருந்தே தவிர, உள்ளே புகுந்ததை விரட்டாது. இலைக்குள் ஊடுருவும் மெட்டலாக்சில் மருந்துக்கும் அடங்காத நோய்க்கிருமி வகை தென்னிந்தியாவில் பரவியிருப்பது ஆய்வுகளில் தெரிந்த செய்திதான். எனவேதான், முன்கூட்டியே சொல்லுங்கள் என்கிறோம்.

இலை போனதையாவது கண்ணால் பார்த்துத் தேற்றிக்கொள்ளலாம். மழைநீரோடு மண்ணில் இறங்கும் வித்துகள் கிழங்கைத் தொற்றியிருப்பது தோண்டும்போது பெரும்பாலும் தெரிவதில்லை. நல்ல கிழங்கென்று தரம் பிரித்து மேட்டுப்பாளையம் மண்டிக்கு அனுப்பிய மூட்டைகளைப் பிரித்தபோது, தோலுக்கடியில் செம்பழுப்பு ஓடி, ஒன்றின் கசிவு மற்றொன்றையும் அழுக வைத்திருந்தது. விலை கேட்க ஆளில்லை. விதைக்கிழங்குக்கு வாங்கிய நகைக்கடனும் மருந்துக்கடை பாக்கியும் லாரி வாடகையும் எங்கள் தலையில் அப்படியே நிற்க, அழுகியதை அப்புறப்படுத்தும் கூலியையும் நாங்களே கொடுத்தோம். சேதம் கணக்கெடுக்க வந்தவரோ, கிழங்கு தோண்டப்பட்டுவிட்டதால் அதைப் பயிர்ச்சேதமாகக் காட்ட இயலாது என்று கூறிவிட்டார். தோண்டாமல் விட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பார் என்பதை எங்களால் ஊகிக்க முடிகிறது.

அறிவுக்குப் பஞ்சமில்லை. ஊட்டிக்கு அருகே முத்தோரையில் உருளைக்கிழங்குக்கென்றே மத்திய ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. வெப்பநிலையையும் ஈரப்பதத்தையும் கொண்டு நோய் வருகையைக் கணிக்கும் இண்டோ-பிளைட்காஸ்ட் முறையை நம் நாட்டு விஞ்ஞானிகளே உருவாக்கியிருக்கிறார்கள். நோயைத் தாங்கும் குஃப்ரி கிர்தாரி ரகமும் உண்டு. எங்களுக்குத்தான் அதன் விதை கிடைப்பதில்லை. 1961இல் இம்மலையில் கண்டறியப்பட்ட, உருளைக்கிழங்கின் வேரைத் தாக்கும் நூற்புழுவைக் காரணம் காட்டி எங்கள் விதைக்கிழங்கு வெளியே போகக்கூடாது என்று தடுக்க முடிந்த நிர்வாகத்துக்கு, மழைக்கு முன்பு ஒரு வரி அனுப்ப ஏன் முடியவில்லை? காட்டுமாடு புகுந்தால் வனத்துறையிடம் போகச் சொல்கிறீர்கள். கருகல் புகுந்தால் யாரிடம் போவது? நட்டத்துக்கு அஞ்சிப் பலர் கேரட்டுக்கு மாறிவிட்டார்கள் என்பதையும் தாங்கள் புள்ளிவிவரத்தில் மட்டுமே பார்க்கிறீர்கள்.

கடுமையாக எழுத நேர்ந்ததைப் பொறுத்தருளி, எங்கள் விண்ணப்பத்தைக் கேளுங்கள். தென்மேற்குப் பருவமழை குந்தாப் பக்கத்தை நனைக்கும் அளவுக்குக் கோத்தகிரியை நனைப்பதில்லை. வடகிழக்கு மழையோ கோத்தகிரி, குன்னூர்ப் பக்கம்தான் வலுக்கும். ஆகவே, மாவட்டம் முழுமைக்கும் ஒரே அறிவிப்பு என்பதை விட்டு, வட்டாரந்தோறும் வானிலையைக் கணித்து, நோய் வருமுன், மருந்து அடிக்க அவகாசம் இருக்கும்போதே, தமிழில் குறுஞ்செய்தி அனுப்ப ஏற்பாடு செய்யுமாறு பணிவுடன் வேண்டுகிறோம். அடுத்த கார்போக நடவு ஏப்ரலில் தொடங்குகிறது. அதற்குள் தங்கள் பதிலை எதிர்பார்க்கிறோம்.

இப்படிக்கு,
நீலகிரி உருளைக்கிழங்கு விவசாயி ஒருவர்