தலைமை மாறினால் தவணை நிற்குமா? நிதி வழங்குவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய அறக்கட்டளைகளின் அறங்காவலர்களுக்கும், நன்கொடைப் பிரிவுத் தலைவர்களுக்கும், எங்கள் பட்ஜெட்டில் சிவப்பு வட்டம் போடும் திட்ட அலுவலர்களுக்கும்,

வணக்கம்.

நான் ஒரு சிறிய தொண்டு நிறுவனத்தின் பொருளாளர். படுத்த படுக்கையாக இருக்கும் நோயாளிகளின் வீட்டுக்கே செவிலியரை அனுப்பிப் புண்ணுக்குக் கட்டுப்போடுவது, வலி மருந்து சரியான அளவில் போகிறதா என்று பார்ப்பது, கூட இருந்து கவனிக்கும் குடும்பத்தாருக்குக் கற்றுக்கொடுப்பது, இவைதான் எங்கள் வேலை. பொருளாளர் பதவிக்குச் சம்பளம் கிடையாது. எனவே இந்த மடலை எழுதும் நேரம் எந்த நன்கொடையாளரின் கணக்கிலும் நிர்வாகச் செலவாக ஏறாது என்பதை முதலிலேயே பணிவுடன் தெரிவித்துக்கொள்கிறேன்.

விஷயத்துக்கு வருகிறேன். தொடக்கத்திலிருந்து நிறுவனத்தை நடத்திவந்த எங்கள் இயக்குநர், ஓய்வு பெறப்போவதாக ஓராண்டுக்கு முன்பே எழுத்தில் கொடுத்தார். உங்கள் பயிற்சிப் பட்டறைகளில் சொல்லிக்கொடுத்தபடியே எல்லாம் செய்தோம். தேர்வுக் குழு அமைத்தோம், விளம்பரம் கொடுத்தோம், நேர்காணல் நடத்தினோம், நிர்வாகக் குழுவில் தீர்மானம் போட்டோம். வெளியிலிருந்து தகுதியான ஒருவர் கிடைத்தார். பழையவரும் புதியவரும் மூன்று மாதம் சேர்ந்து வேலை செய்யட்டும் என்று பட்ஜெட்டில் ஒரே ஒரு வரி சேர்த்து அனுப்பினோம். உங்களில் ஒருவரிடமிருந்து பதில் வந்தது: ஒரே பதவிக்கு இரண்டு சம்பளம் ஏற்க இயலாது. சரி, உங்கள் விதி அதுவென்றால் அதுதான் என்று விட்டுவிட்டோம். அப்புறம் வந்த மின்னஞ்சல்தான் என்னை எழுத உட்கார வைத்தது. தலைமை மாற்றம் நிலைபெறும் வரை எங்களுக்கு வர வேண்டிய நிதியின் அடுத்த தவணை நிறுத்திவைக்கப்படுகிறதாம்.

யார் என்று பெயர் சொல்லப்போவதில்லை. படித்தால் அவர்களுக்கே தெரியும். மற்றவர்களும் நிம்மதியாக மூச்சுவிட வேண்டாம். இதே இரண்டு விதிகளும் உங்களில் பலருடைய ஒப்பந்தங்களில் வெவ்வேறு பக்கங்களில் இருக்கின்றன.

இரண்டையும் ஒன்றாக வைத்துப் பாருங்கள். மாற்றம் நல்லபடி நடக்கப் பணம் தரமாட்டோம்; நல்லபடி நடந்து முடிந்தால் தருவோம். நீச்சல் தெரிந்த பிறகு தண்ணீரில் இறங்கு என்று சொல்வதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

எங்கள் கோரிக்கை சிறியது. தலைமை மாறும் காலத்தில் தவணையை நிறுத்தாதீர்கள். அந்த மாற்றத்துக்கு ஆகும் செலவையும் செலவாக ஏற்றுக்கொள்ளுங்கள். இவ்வளவுதான்.

தவணை நின்றதும் என்ன நடந்தது என்று சொல்கிறேன். அறிக்கைப் படிவத்தில் இதற்கு இடமில்லை. அதிலுள்ள "சவால்கள்" கட்டத்தில் இருநூறு எழுத்துக்கு மேல் ஏறாது. புதிதாக வரவிருந்தவர் குடும்பஸ்தர், நிலையான வேலையை விட்டுவிட்டு வருபவர். சம்பளத்துக்கான பணம் எப்போது வரும் என்று எங்களால் உறுதி சொல்ல முடியவில்லை. அவர் சேரும் தேதியைத் தள்ளிப்போட்டார். நான் அவர் இடத்தில் இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன். பழைய இயக்குநரின் பணிக்காலம் முடிந்துவிட்டது. இடையில் யாராவது பொறுப்பேற்க வேண்டுமே என்று எங்கள் மூத்த செவிலியரைப் பொறுப்பு இயக்குநராக்கினோம். கூடுதல் சம்பளம் கிடையாது, அதற்கு எந்த பட்ஜெட்டிலும் வரி இல்லை.

அந்த அம்மா பகலில் நோயாளிகளின் வீடுகளுக்குப் போனார். மாலையில் வந்து எக்செல் தாளைத் திறந்தார். பத்து சதவீதத்துக்கு மேல் செலவு வித்தியாசப்பட்டால் விளக்கம் கொடு என்று நீங்கள் கேட்ட கேள்விகளுக்கு இரவில் பதில் எழுதினார். நோயாளியின் முதுகுப் புண்ணைப் பார்த்து எத்தனை நாளாக இப்படி இருக்கிறது என்று சொல்லிவிடக்கூடியவர் அவர். அவரை உட்கார வைத்து, எரிபொருள் செலவு முதல் காலாண்டில் ஏன் குறைந்து இரண்டாம் காலாண்டில் ஏன் கூடியது என்று எழுத வைத்தோம். ஒரு நாள் என்னிடம் கேட்டார்: "சார், மழைக்காலத்தில் சுற்றிப் போக வேண்டியிருந்தது என்று எழுதினால் ஒத்துக்கொள்வார்களா, இல்லை அதற்கும் ரசீது கேட்பார்களா?" என்னிடம் பதில் இல்லை. உங்களிடம் இருக்கலாம்.

அவர் பார்க்க வேண்டிய வீடுகளை மற்ற செவிலியர்கள் பங்கிட்டுக்கொண்டார்கள். வாரம் ஒரு முறை போன வீட்டுக்கு இரண்டு வாரத்துக்கு ஒரு முறைதான் போக முடிந்தது. படுக்கைப் புண் அறிக்கைக் காலத்துக்காகக் காத்திருப்பதில்லை. தோல் சிவந்த நிலையில் பார்த்தால் புரட்டிப் படுக்க வைத்தும் மெத்தையை மாற்றியும் சமாளித்துவிடலாம். விட்டுவிட்டால் சதைக்குள் இறங்கிவிடும். குடும்பத்தார் தொலைபேசியில் திட்டினார்கள். திட்டு வாங்கியவர்கள் களத்தில் இருப்பவர்கள்தான். தவணையை நிறுத்திய மேசைக்கு அந்தத் தொலைபேசி எண் தெரியாது.

பழையவர் எல்லாவற்றையும் எழுதிவைத்துவிட்டுப் போயிருக்கலாமே என்று கேட்பீர்கள். எழுதிவைத்தார். கோப்புகள், கடவுச்சொற்கள், ஒப்பந்தங்கள், யார் யாருக்கு எந்தத் தேதியில் அறிக்கை என்ற பட்டியல், எல்லாம் இருக்கின்றன. நள்ளிரவில் கூப்பிட்டால் எந்த மருத்துவர் எடுப்பார், எந்த வீட்டில் நோயின் பெயரை நோயாளியின் முன்னால் சொல்லக் கூடாது, எந்தத் தெருவில் எங்கள் வண்டி தள்ளி நிற்க வேண்டும், யார் தேவையிருந்தாலும் உதவி கேட்க வெட்கப்படுவார் என்பதெல்லாம் கூடவே நடந்து கற்றுக்கொள்ள வேண்டியவை. மூன்று மாதம் கேட்டது அதற்குத்தான். நீங்கள் அதை இரட்டைச் சம்பளம் என்றீர்கள்.

வங்கிக் கதை தனி. பழைய கையொப்பதாரரின் பெயரை நீக்கிப் புதியவரைச் சேர்க்க நிர்வாகக் குழுத் தீர்மானம், அடையாள ஆவணங்கள், மாதிரிக் கையொப்பம் எல்லாம் கொடுத்துக் காத்திருக்க வேண்டும். அதைவிடக் கொடுமை, கணக்கில் பணம் இல்லாமலும் இல்லை. சக்கர நாற்காலி வாங்க மட்டும் என்று வந்த பணம் இருந்தது. பயிற்சி முகாமுக்கு மட்டும் என்று வந்த பணம் இருந்தது. அவற்றைத் தொட்டுச் சம்பளம் கொடுத்தால் நிதியைத் தடம் மாற்றியதாகும். தொடாவிட்டால் செவிலியர் வீட்டில் அடுப்பு எரியாது. நாங்கள் தொடவில்லை. ஆடிட்டர் பாராட்டினார்.

கையிருப்பு வைத்துக்கொள்ளக் கூடாதா என்று உங்கள் அலுவலகத்திலிருந்தே ஒருவர் கேட்டார். மூன்று மாதத்திலிருந்து ஆறு மாதம் வரையிலான நடைமுறைச் செலவைத் தொண்டு நிறுவனங்கள் கையிருப்பாக வைத்திருப்பது நல்லது என்பது இந்தத் துறையில் எல்லோரும் சொல்லும் அறிவுரை. உங்கள் விண்ணப்பப் படிவத்திலும் கையிருப்பு எவ்வளவு என்று ஒரு கேள்வி இருக்கிறது. உங்கள் ஒப்பந்தத்திலோ, காலம் முடியும்போது மிச்சமிருக்கும் தொகையைத் திருப்பி அனுப்ப வேண்டும் என்று இருக்கிறது. திருப்பி அனுப்பிய பணத்தை எந்தப் பெட்டியில் சேமித்து வைப்பது என்று யாராவது சொல்லிக்கொடுத்தால் கற்றுக்கொள்ளத் தயாராக இருக்கிறோம்.

இதெல்லாம் உங்களுக்குத் தெரியாத செய்தி இல்லை. நிர்வாகச் செலவு குறைவாக இருக்க வேண்டும் என்று நிதி கொடுப்பவர் எதிர்பார்ப்பதும், அதற்குப் பயந்து தொண்டு நிறுவனம் கணக்காளரையும் கணினியையும் வெட்டிவிட்டுச் செலவைக் குறைத்துக் காட்டுவதும், அந்தக் குறைந்த எண்ணைப் பார்த்துக் கொடுப்பவர் இன்னும் குறைக்கச் சொல்வதும் ஒரு பட்டினிச் சுழல் என்று 2009-லேயே ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் சமூகப் புத்தாக்க இதழில் எழுதிவிட்டார்கள். 2013-ல் அமெரிக்காவில் தொண்டு நிறுவனங்களைப் பற்றிய விவரங்களைத் திரட்டியும் மதிப்பிட்டும் வந்த மூன்று அமைப்புகள், கைட்ஸ்டாரும் சாரிட்டி நேவிகேட்டரும் பிபிபி வைஸ் கிவிங் அலையன்ஸும், ஒன்றாகச் சேர்ந்து நன்கொடையாளர்களுக்கு மடல் எழுதின. நிர்வாகச் செலவு விகிதத்தை மட்டும் வைத்து ஒரு நிறுவனத்தை எடைபோடாதீர்கள் என்பதுதான் செய்தி. அமெரிக்க அரசுகூட, தன்னிடம் நிதி பெறும்போது தனியாக விகிதம் பேசி வைத்துக்கொள்ளாத நிறுவனங்கள் மறைமுகச் செலவுக்கு, அதாவது வாடகை, கணக்கு போன்ற பொது நிர்வாகச் செலவுக்கு, எடுத்துக்கொள்ளும் அடிப்படை அளவை 2024 அக்டோபரில் 10 சதவீதத்திலிருந்து 15 ஆக உயர்த்தியது. அரசாங்கமே அசைந்துகொடுக்கிறது.

முடியாத காரியமும் இல்லை. 2020 மார்ச்சில் பெருந்தொற்று வந்தபோது நூற்றுக்கணக்கான நிதி அமைப்புகள் ஓர் உறுதிமொழியில் கையெழுத்திட்டன. கொடுத்த நிதியின் நிபந்தனைகளைத் தளர்த்துகிறோம், அறிக்கைகளைத் தள்ளிப்போடுகிறோம், புதிய நிதியை முடிந்தவரை நிபந்தனையில்லாமல் தருகிறோம் என்றன. ஃபோர்டு அறக்கட்டளை 2016-ல் தொடங்கிய பில்டு என்ற திட்டத்தில் ஐந்தாண்டுக் காலத்துக்கு நெகிழ்வான நிதியும், நிறுவனத்தை உள்ளிருந்து வலுப்படுத்தத் தனி உதவியும் கொடுத்தது. அமெரிக்கக் கோடீஸ்வரர் மெக்கன்சி ஸ்காட் 2020-லிருந்து பெரிய தொகைகளை எதற்கு என்று கட்டுப்படுத்தாமல் கொடுத்துவருகிறார். இவற்றால் வானம் இடிந்து விழவில்லை.

அப்புறம் 2025 வந்தது. ஜனவரியில் அமெரிக்கா தன் வெளிநாட்டு உதவியை 90 நாள் நிறுத்திவைப்பதாக அறிவித்தது. மார்ச்சில் அந்த உதவியை வழங்கிவந்த அரசு அமைப்பான யுஎஸ்எய்டின் திட்டங்களில் 83 சதவீதத்தை ரத்து செய்வதாகச் சொன்னது. எத்தனையோ நாடுகளில் மருத்துவ மையங்களும் உணவு விநியோகமும் ஒரே கடிதத்தில் நின்றன. அதிலிருந்து எந்தக் கருத்தரங்குக்குப் போனாலும் ஒரே பேச்சு: மாற்றத்துக்குத் தயாராகுங்கள், தாங்கும் திறனை வளர்த்துக்கொள்ளுங்கள், தேவைப்பட்டால் வேறு நிறுவனத்தோடு இணையுங்கள், புதிய தலைமையை உருவாக்குங்கள். அருமையான யோசனைகள். குளிரூட்டிய அரங்கில் கேட்க இன்னும் அருமை. இவற்றில் எது இலவசமாக நடக்கும் என்று மட்டும் யாரும் சொல்லவில்லை. இணைய வேண்டுமென்றால் வழக்கறிஞர் வேண்டும். புதிய தலைமை வேண்டுமென்றால் அவருக்கு வேலை கற்றுக்கொள்ள நாள் வேண்டும், அந்த நாளுக்குச் சம்பளம் வேண்டும். இரண்டுமே உங்கள் படிவத்தில் "தகுதியற்ற செலவினங்கள்" என்ற தலைப்பின் கீழ் இருக்கின்றன. மாற்றம் வேண்டும், மாற்றத்தின் பில் மட்டும் வேண்டாம்.

இன்னொன்றும் மனதில் கிடக்கிறது, சொல்லிவிடுகிறேன். ஒவ்வோர் ஆண்டும் உங்கள் திட்டத்தில் புதுமை என்ன என்று கேட்கிறீர்கள். நோயாளியின் வீட்டுக்குப் போய்ப் புண்ணைக் கழுவிக் கட்டுப்போடுகிறோம். போன ஆண்டும் அதைத்தான் செய்தோம், அடுத்த ஆண்டும் அதைத்தான் செய்வோம். புண்களிடம் பெரிய புதுமை எதுவும் தென்படவில்லை. பேனரில் லோகோ எத்தனை அங்குலம் இருக்க வேண்டும் என்று இரண்டு பக்க வழிகாட்டி அனுப்புகிறீர்கள். இயக்குநர் மாறினால் என்ன செய்வது என்று இரண்டு வரி வழிகாட்டி உங்களில் எத்தனை பேரிடம் இருக்கிறது? நிலைத்தன்மைக்கு என்ன திட்டம் என்று கேட்கிறீர்கள். பன்னிரண்டு மாத ஒப்பந்தத்தில் இருந்துகொண்டு...

கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்க வந்ததைக் கேட்கிறேன்.

உங்கள் தரப்பு எனக்குப் புரியாமல் இல்லை. நீங்களும் ஒரு குழுவுக்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள். தலைமை மாறும் நேரத்தில் பணம் காணாமல்போன நிறுவனங்களும் இருக்கின்றன. நிறுவனரே எல்லாமாக இருந்து, அவர் போனதும் கதவு சாத்திய இடங்களும் உண்டு. அந்தப் பயம் நியாயமானது. அதற்கு மருந்து தவணையை நிறுத்துவதில் இல்லை. மாற்றக் காலத்தில் மாதாமாதம் கணக்குக் கேளுங்கள், தருகிறோம். எங்கள் நிர்வாகக் குழுக் கூட்டத்தில் வந்து உட்காருங்கள், நாற்காலி போடுகிறோம். முழுத் தவணையையும் விடத் தயக்கமென்றால் சம்பளத்துக்கும் மருந்துக்குமான பங்கையாவது விடுங்கள். களப்பணி நிற்காமல் இருந்தால் மேலே நடக்கும் மாற்றத்தை எங்களால் பொறுமையாகச் செய்ய முடியும்.

அடுத்த விண்ணப்பச் சுற்றுக்கு முன் உங்கள் பட்ஜெட் படிவத்தில் ஒரு வரி சேருங்கள்: தலைமை மாற்றச் செலவு. தேடல், பொறுப்பு ஒப்படைப்புக் காலத்தின் இரட்டைச் சம்பளம், இடைக்காலப் பொறுப்பாளருக்கான கூடுதல் ஊதியம் மூன்றும் அதில் அடங்கட்டும். ஒப்பந்தத்தில், தலைமை மாற்றத்தை மட்டும் காரணம் காட்டித் தவணை நிறுத்தப்படாது என்று ஒரு வாக்கியம் எழுதுங்கள். இவற்றுக்கு ஆலோசகர் தேவையில்லை, பயிலரங்கமும் தேவையில்லை.

எங்கள் தவணையை நிறுத்திவைத்திருக்கும் அலுவலகத்துக்குத் தனியாக ஒரு வேண்டுகோள். நிர்வாகக் குழுத் தீர்மானத்தின் நகல், புதிய இயக்குநரின் பணி ஆணை, வங்கிக் கையொப்ப மாற்றத்துக்கான கடிதம் மூன்றும் உங்கள் மின்னஞ்சலில் ஏற்கெனவே இருக்கின்றன. எரிபொருள் செலவுக்கான விளக்கமும் இருக்கிறது, மழைதான் காரணம். வேறு ஏதாவது வேண்டுமென்றால் கேளுங்கள், அன்றைக்கே அனுப்புகிறோம். தவணையை மட்டும் தயவுசெய்து விடுவியுங்கள்.

இப்படிக்கு,
மரியாதையுடன்,
ஒரு தொண்டு நிறுவனத்தின் பொருளாளர்