கேளையாடு கத்திய ராத்திரி

உதகமண்டலம்,
ஞாயிறு காலை

அன்புள்ள கண்ணுவுக்கு,

அப்பா எழுதுகிறேன். போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் நான் நாலு வாக்கியம் பேசுவதற்குள் உன் அம்மா ரிசீவரை வாங்கிக்கொள்வாள், அப்புறம் பேச்சு மும்பை மழைக்கும் உன் இருமலுக்கும் போய்விடும். இது கொஞ்சம் நீளமான விஷயம். அதனால்தான் காகிதம்.

பழைய இந்திப் பேய்ப் படங்களுக்குத் தமிழ் சப்டைட்டில் எழுதும் வேலை வந்திருக்கிறது, முதல் படமே 'ராஸ்' என்று நீ சொன்னதும் எனக்குச் சிரிப்பு வந்தது. மும்பையில் உட்கார்ந்துகொண்டு, நம்மூர்க் காட்டில் அலறுகிற பேயை, இந்தியிலிருந்து தமிழுக்குக் கொண்டுவரப் போகிறாய். இரண்டு கேள்வி கேட்டிருந்தாய். 'ராஸ்' என்ற இந்தித் தலைப்பைத் தமிழில் 'மர்மம்' என்று போடலாமா, 'ரகசியம்' என்று போடலாமா? முதல் பாதியில் அலறல் வரும் இடங்களில் 'ஒரு பெண்ணின் அலறல்' என்று எழுதுவதா, 'மாலினியின் அலறல்' என்று எழுதுவதா?

இரண்டாவதற்குப் பதில் சுலபம். 'ஒரு பெண்' என்றே எழுது. கதாநாயகி சஞ்சனாவுக்கு அது யாரோ ஒரு பெண்தான். பெயரைப் போட்டால் பார்க்கிறவன் அவளை முந்திப் போய்விடுவான். முதல் கேள்விக்குத்தான் இவ்வளவு காகிதம்.

2002 பிப்ரவரி 1ஆம் தேதி அந்தப் படம் வந்தது. விக்ரம் பட் இயக்கம். பிபாஷா பாசு அதற்கு முந்தைய வருஷம்தான் நடிக்க வந்திருந்தார். கதாநாயகன் டீனோ மோரியா. ஊட்டிக்காரர்களுக்கு இந்திப் படம் புதிதல்ல. 'சத்மா' படத்து ரயில் நம் கேத்தி ஸ்டேஷனில் நின்றது. தொண்ணூறுகளில் மிதுன் சக்கரவர்த்தி இங்கேயே வந்து தங்கி, படத்துக்குப் படம் இந்த மலையையே காட்டிக்கொண்டிருந்தார். அதிலெல்லாம் ஊட்டி என்பது பாட்டுக்கு ஒரு பச்சைத் திரை, அவ்வளவுதான். இந்தப் படத்தில்தான் ஊட்டி ஊட்டியாகவே வந்தது, அதுவும் பேயோடு. விவாகரத்து வரைக்கும் போன புருஷன் பெண்டாட்டி, முதலில் காதலித்த ஊருக்கே திரும்பிப் போனால் சரியாகிவிடும் என்று வருகிறார்கள். காட்டோரத்தில் பெரிய பங்களா. ராத்திரியில் மரங்களுக்குள்ளிருந்து ஒரு பெண் குரல். அவள் சொன்னால் அவன் நம்ப மாட்டேன் என்கிறான்.

நாங்கள் இரண்டாவது வாரம் போனோம். நீ பக்கத்து வீட்டில் அழுதுகொண்டே இருந்தாய், ஞாபகம் இருக்கிறதா? "குழந்தைங்க பார்க்கிற படம் இல்ல" என்றதற்கு, "அப்ப நீங்க மட்டும் ஏன் போறீங்க?" என்று கேட்டாய். வரும்போது வர்க்கி வாங்கி வந்து சமாதானம் செய்தோம்.

உன் அப்பன் பேய்க்குப் பயப்படுகிறவன் இல்லை. இந்து நகர் ஃபிலிம் தொழிற்சாலையில் இருபது வருஷத்துக்கு மேல் இருட்டிலேயே வேலை செய்தவன். இருட்டென்றால் நீ நினைக்கிற மாதிரி இல்லை. கையைக் கண்ணுக்கு முன்னால் ஆட்டினாலும் தெரியாது. ஃபிலிம் பூச்சு நடக்கிற இடத்தில் ஒரு துளி வெளிச்சம் பட்டாலும் மொத்தச் சுருளும் குப்பை. நடந்து வருகிறவன் குரல் கொடுத்துக்கொண்டே வர வேண்டும், இல்லையென்றால் இரண்டு மண்டைகள் மோதிக்கொள்ளும். சுவரைத் தடவி, அடி எண்ணி, ஆளைக் குரலாலும் பீடி வாசனையாலும் கண்டுபிடித்தோம். சுருளில் பூசுகிற ஜெலட்டின் மாட்டெலும்பைக் காய்ச்சி எடுப்பது. அதில் வெள்ளி உப்பைக் கலந்தால்தான் படம் விழும். எலும்புமேல் விழுகிற நிழலைத்தானே அந்தக் காலத்தில் எல்லாரும் காசு கொடுத்துப் பார்த்தார்கள் என்று எங்கள் ஃபோர்மேன் சொல்வார். நல்ல மனுஷன். சரி, அது வேறு கதை.

இருட்டில் ஒன்று கற்றுக்கொண்டேன். குரல் கொடுக்கிறவனிடம் பயமே இல்லை. பக்கத்தில் நிற்கிறான் என்று தெரியும், ஆனால் பேசாமல் நிற்கிறான். அவன்தான் பயம்.

படத்தில் அந்த ஆள் டீனோ மோரியாதான். ஆதித்யா. அதே ஊரில், கல்யாணமான பிறகு, மாலினி என்ற பெண்ணோடு பழகியிருக்கிறான். அவளுக்கு மனநிலை சரியில்லை என்பது அப்புறம்தான் தெரிகிறது. விலகப் பார்க்கிறான். அவள் உயிரை மாய்த்துக்கொள்கிறாள். சடலம் காட்டில் புதைகிறது. அந்தக் காட்டின் ஓரத்துக்குத்தான் பெண்டாட்டியை மறுபடி கூட்டிக்கொண்டு வருகிறான்! அவள் நடுராத்திரியில் எழுந்து உட்கார்ந்து, அங்கே ஒரு பெண் அலறுகிறாள் என்கிறாள். இவன் ஒன்றுமில்லை, தூங்கு என்கிறான். பேய் உண்டோ இல்லையோ, அங்கே ஒரு பெண் இருக்கிறாள் என்பது அவனுக்குத் தெரியும். எந்த மரத்தடியில் என்பதுகூடத் தெரியும்.

இதைப் போய் 'மர்மம்' என்று எழுதலாமா? மர்மம் என்றால் யாருக்கும் தெரியாதது. இது பக்கத்துத் தலையணைக்குத் தெரியும்.

இனி எழுதப்போவதை உன்னிடம் சொன்னதில்லை.

1987இல், நீ பிறப்பதற்கு முன்னால், ஃபிங்கர் போஸ்டுக்கு மேலே சோலை ஓரமாக ஒரு தகரக் கூரை வீட்டில் குடியிருந்தோம். கல்யாணமாகி நாலாவது மாதம். வாடகை மற்ற வீடுகளில் பாதி. ஏன் பாதி என்று அட்வான்ஸ் கொடுத்த அன்றைக்கே தரகர் சொல்லிவிட்டார். எங்களுக்கு முன்னால் இருந்த குடும்பத்தில் ஒரு பெண் அந்த வீட்டுக்குள்ளேயே செத்துப்போயிருந்தாள். சின்ன வயசு. நான் கையில் இருந்த பணத்தைப் பார்த்தேன், தலையாட்டினேன். உன் அம்மாவிடம் சொல்லவில்லை. அனாவசியமாக ஏன் பயமுறுத்த வேண்டும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். இப்போது யோசித்தால், வாடகை பாதி என்பதுதான் காரணம்.

அந்த டிசம்பரில் எனக்கு இரவு ஷிஃப்ட். காலை ஏழு மணிக்குப் புல்லெல்லாம் உறைபனி வெளுத்துக் கிடக்க, நான் வீட்டுக்கு வந்தால் அம்மா கதவைத் திறந்துகொண்டு ஸ்வெட்டரோடு படியில் உட்கார்ந்திருப்பாள். "ராத்திரி யாரோ பொம்பள கத்தறாங்க. காட்டுக்குள்ள இருந்து" என்பாள். நான் "கேளையாடா இருக்கும்" என்பேன். அது பொய்யில்லை. கேளையாடு கத்தி நீ கேட்டதில்லை. மான் இனம்தான், ஆனால் குரல் நாய் குரைக்கிற மாதிரி, விட்டுவிட்டு, கொஞ்சம் மனுஷக் குரலும் கலந்த மாதிரி இருக்கும். புதிதாகக் கேட்டால் வயிற்றைக் கலக்கும். தூத்துக்குடியிலிருந்து வந்த பெண்ணுக்குக் கேளையாட்டைப் பற்றி என்ன தெரியும்? "தூங்கு, ஒண்ணுமில்ல" என்று சொல்லிவிட்டு நான் போர்த்திக்கொண்டு தூங்கிவிடுவேன். மறுபடி ராத்திரி ஷிஃப்டுக்குக் கிளம்பிவிடுவேன், அவளைத் தனியாக விட்டுவிட்டு.

பால் ஊற்ற வருகிற அம்மா பொங்கலுக்கு முந்தின வாரம் விஷயத்தைப் போட்டு உடைத்துவிட்டார்.

நான் வேலையிலிருந்து வந்தபோது அடுப்பு மூட்டவில்லை. உன் அம்மா கத்தவில்லை, அழவில்லை. "உங்களுக்குத் தெரியுமா?" என்று கேட்டாள். நான் "பேயெல்லாம் ஒண்ணும் கிடையாது, அது கேளையாடு" என்று ஆரம்பித்தேன். "பேய் இருக்கா இல்லையான்னு நான் கேக்கல. உங்களுக்குத் தெரியுமா தெரியாதான்னு கேட்டேன்" என்றாள். நான் தரையைப் பார்த்தேன். பிறகு ஒரு மாதம் அந்த வீட்டில் சாப்பாடு இருந்தது, பேச்சு இல்லை. பிப்ரவரியில் காந்தலுக்கு வீடு மாற்றினோம். இரண்டு மடங்கு வாடகை.

பதினாலு வருஷம் கழித்து தியேட்டரில், ஆதித்யா உண்மையை ஒப்புக்கொள்கிற இடம். முன் வரிசையில் டூரிஸ்ட் பையன்கள் விசிலடித்துக்கொண்டிருந்தவர்கள் அடங்கிவிட்டார்கள். உன் அம்மா கடலைப் பொட்டலத்தை மடியில் வைத்துவிட்டு, திரையைப் பார்ப்பதை நிறுத்தி, என் முகத்தைத் திருப்பிப் பார்த்தாள். திரை வெளிச்சம் நீலமாக அவள் மூக்குத்திமேல் விழுந்தது. "பால்காரம்மா ஞாபகம் வருதுங்க" என்றாள். அவ்வளவுதான். மறுபடி கடலை.

அந்தப் படத்தில் பேய் வந்த எந்த இடத்திலும் நான் அப்படி நடுங்கவில்லை.

நல்ல படமா என்று கேட்டால், முக்கால்வாசி நல்ல படம். நதீம்–ஷ்ரவன் பாட்டுகள் தெருத்தெருவாக ஓடின. அஷுதோஷ் ராணா ஆவிகளோடு பேசுகிற பேராசிரியராக வருவார், அந்தக் கண்ணை உருட்டலே டிக்கெட் காசுக்குச் சரியாகிவிடும். அந்த வருஷம் இந்தியில் பெரிய பெரிய படங்கள் படுத்துக்கொள்ள, இது ஓடிக்கொண்டே இருந்தது. பிறகு அதே பெயரில் மூன்று படங்கள் எடுத்தார்கள், நீ அவற்றுக்கும் எழுத வேண்டி வரலாம்.

முடிவுதான் எனக்கு ஒத்துக்கொள்ளவில்லை. மூலக்கதை 2000இல் வந்த ஓர் ஆங்கிலப் படம் என்று உனக்குத் தெரிந்திருக்கும், 'வாட் லைஸ் பினீத்'. அதில் புருஷனே கொலைகாரன். செத்தவள் தண்ணீருக்கடியில் அவனைப் பிடித்து இழுத்து வைத்துக்கொள்கிறாள். பெண்டாட்டி பிழைத்து, கடைசியில் அந்தப் பெண்ணின் கல்லறையில் ஒரு பூவை வைக்கிறாள். நம் ஆட்கள் அதை எடுத்துக்கொண்டு வந்து, புருஷனின் பாவத்தைக் கொலையிலிருந்து தப்புத்தண்டாவாகக் குறைத்து, பெண்டாட்டியை சாவித்திரியாக்கிவிட்டார்கள். எமனோடு மல்லுக்கட்டிப் புருஷனை மீட்க வேண்டும், எமன் இடத்தில் மாலினி. சடலத்தைத் தேடிக் கொளுத்தினால் ஆவி போய்விடும். சஞ்சனா கொளுத்துகிறாள். தியேட்டரில் கைதட்டல். உன் அம்மா மட்டும் தட்டவில்லை. "அந்தப் புள்ள என்னங்க பண்ணுச்சு, அவளைப் போய்..." என்று வழியெல்லாம் கேட்டுக்கொண்டே வந்தாள்.

பேய்க்கும் நியாயம் கிடைக்க வேண்டும் என்பது இந்திக்காரர்களுக்குத் தெரியாததல்ல. 1958லேயே பிமல் ராய் 'மதுமதி' எடுத்திருக்கிறார். கதை ரித்விக் கட்டக். மதுமதியாக நம் திருவல்லிக்கேணியில் பிறந்த வைஜெயந்திமாலா. அதையும் உன் பட்டியலில் கேட்டு வாங்கிக்கொள். முதலாளி உக்ர நாராயண் சூழ்ச்சி செய்து வரவழைத்த மதுமதி அவன் மாளிகையில் சாகிறாள். அவனை ஒப்புக்கொள்ள வைக்க, அவளைப் போலவே இருக்கிற மாதவியை மதுமதியின் ஆவி மாதிரி நடிக்கச் சொல்கிறான் காதலன். வெளியே போலீஸ் காத்திருக்கிறது. அவள் வருகிறாள், கேள்வி கேட்கிறாள், அவன் நடுங்கி எல்லாவற்றையும் சொல்கிறான். ஆனால் அவள் கேட்கிற கேள்விகளில் காதலன் சொல்லிக்கொடுக்காததும் இருக்கிறது. செத்தவளுக்கு மட்டுமே தெரிந்தது. பிறகு கதவைத் திறந்துகொண்டு, தாமதமாகிவிட்டது என்று மாதவி வந்து நிற்கிறாள்! தூர்தர்ஷனில் பார்த்தபோது எனக்கு முதுகுத்தண்டு ஜில்லென்றது. அலறல் இல்லை, ரத்தம் இல்லை, ஒரு கேள்விதான். அங்கே பேய் கேட்டது நியாயம், கிடைத்தது. நாற்பத்து நாலு வருஷம் கழித்து நம்மூரில் வந்த பேயும் அதையே கேட்டாள், அவளுக்குப் பெட்ரோலும் தீக்குச்சியும்.

அதனால் கண்ணு, தலைப்பு 'ரகசியம்'. உன் மேலதிகாரி 'மர்மம்தான் மார்க்கெட்டில் ஓடும்' என்று சொல்லலாம். சண்டை போடாதே, ஆனால் ஒரு முறை சொல்லிப் பார். மாலினி பேசுகிற இடங்களில் 'நீ'யை 'ஏய்' என்று ஆக்கிவிடாதே. தமிழில் பேய் என்றதும் கை தானாக 'ஏய்' என்று எழுதும். அவள் அவனை நேசித்தவள்.

இங்கே குளிர் ஆரம்பித்துவிட்டது. போன வாரம் காட்டெருமை ஒன்று நம் தெருவுக்குள் வந்து கேரட் மூட்டையைப் பிரித்துப் போட்டுவிட்டது. வர்க்கி ஒரு கிலோ, யூகலிப்டஸ் தைலம் ஒரு பாட்டில் அனுப்பியிருக்கிறேன். தைலம் உனக்கு, வர்க்கி உன் அறைத்தோழிக்கும்.

எழுதி முடித்து ஒட்டப்போகும்போது உன் அம்மா பிடுங்கிப் படித்தாள். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, ஒரு இடம் தப்பு, திருத்துங்கள் என்கிறாள். பால்காரம்மா சொன்னது பொங்கலுக்கு முந்தின வாரம் இல்லையாம். குடிவந்த பத்தாவது நாளே சொல்லிவிட்டாராம். "அப்புறம் ஏன் மூணு மாசம் சும்மா இருந்தே?" என்று கேட்டேன். "நீங்களா எப்ப சொல்றீங்கன்னு பார்த்துட்டிருந்தேன்" என்றாள். சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள், இட்லிக்கு ஊறப்போட.

நான் திருத்தவில்லை. அப்படியே அனுப்புகிறேன்.

அன்புடன்,
அப்பா