திரும்பி வந்த அறிவித்தல்

அன்புள்ள தம்பி,

நாங்கள் சுகம். அம்மாவின் பிரஷர் குறைந்திருக்கிறது. கொட்டாஞ்சேனைப் பக்கம் நல்ல மழை. சரி, இதையெல்லாம் சொல்ல நான் எழுதவில்லை.

நீ சட்டத்தரணியாக நடத்தும் வாழைச்சேனைக் காணி வழக்கைப் பற்றி, புதுக்கடை நீதிமன்றத்தில் என்னோடு வேலை செய்த ஒருவர் சொன்னார். மேன்முறையீடு செய்ய அனுமதி கேட்டு உயர் நீதிமன்றத்தில் நீ போட்ட மனுவில் மூன்றாம் எதிர்மனுதாரருக்குப் பதிவுத் தபாலில் போன அறிவித்தல், ஆள் இல்லை என்று திரும்பி வந்து கோப்பிலேயே கிடக்கிறதாம். உன் பக்கத்திலிருந்து ஒருவரும் வந்து பார்க்கவில்லையாம்.

உயர் நீதிமன்ற விதிகளில் 8 ஆம் விதியை நான் உனக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை. ஆனாலும் சொல்கிறேன். மனுவோடு அறிவித்தல்களையும் கொடுத்துவிட்டால் வேலை முடிந்துவிடாது. மனுப் போட்டு இரண்டு கிழமைக்குப் பிறகு, மூன்று கிழமைக்குள், பதிவகத்துக்குப் போய்த் தபால் திரும்பியதா என்று பார்க்க வேண்டும். திரும்பியிருந்தால் சரியான முகவரி கொடுக்க வேண்டும். வெளியூர்ச் சட்டத்தரணிகள் பலர் இந்த இடத்தில்தான் விழுந்ததை நான் என் மேசையிலிருந்து பார்த்தேன். அனுமதி கிடைத்து மேன்முறையீடாக எடுத்த பிறகும் இதே கதைதான். ஆறு கிழமைக்குள் எழுத்துமூல சமர்ப்பணம் போக வேண்டும். உரிய அக்கறையோடு நடத்தவில்லை என்று கண்டால் 34 ஆம் விதியின் கீழ் தள்ளுபடி செய்யலாம், எதிராளி கேட்டாலும் சரி, நீதிமன்றம் தானாகவே செய்தாலும் சரி.

அப்படித் தள்ளுபடியானால் காணி உறுதியையும் பார்க்க மாட்டார்கள், நில அளவைப் படத்தையும் விரிக்க மாட்டார்கள். வழக்கைக் கேட்கும் முன்பே தள்ளச் சொல்லி எதிர்த்தரப்பு பூர்வாங்க ஆட்சேபனை எடுக்கும், அதோடு முடிந்தது. மாவட்ட நீதிமன்றத்திலும் மேல் நீதிமன்றத்திலும் தோற்று வந்த உன் கட்சிக்கார மனிசிக்கு இதற்கு மேல் போக இடமில்லை. தன் பக்கம் நியாயம் இல்லாமல் தோற்றால் அவ தாங்கிக்கொள்வா. கேட்கப்படாமலே தோற்றதை யார் அவவுக்கு விளங்கப்படுத்துவது?

சட்டக் கல்லூரியில் படித்த காலத்தில் மத்தியானச் சாப்பாட்டுக்கு என்னிடம் வருவாயே, நினைவிருக்கிறதா? மேன்முறையீட்டு அறிவித்தலுக்கு 14 நாள், மேன்முறையீட்டு மனுவுக்குத் தீர்ப்புத் திகதியிலிருந்து 60 நாள் என்று குடிசார் நடைமுறைக் கோவையை ஒப்புவிப்பாய். எங்கள் அலுவலகப் பகுதியில் இருந்தவர்கள் எல்லோரும் வேலையை விட்டுவிட்டுக் கேட்பார்கள். அவர்களிடம் உன்னைப் பற்றி நான் எவ்வளவு பேசியிருக்கிறேன். அந்தப் பிள்ளையா மூன்று கிழமைக் கெடுவைத் தவறவிட்டது?

நீ ஏன் போன் எடுப்பதில்லை என்று நான் கேட்கவில்லை. மருமகள் அம்மாவோடு பேசுகிறா, ஆனால் பிள்ளைகளின் பள்ளிக்கூடத்தைப் பற்றி மட்டுந்தான். சின்ன மாமாவுக்கும் முதலில் தவணைகள்தான் தவறத் தொடங்கின. அதை நீ பக்கத்தில் இருந்து பார்த்தவன். அதற்கு மேல் நான் எழுதவில்லை. அம்மாவிடம் இதொன்றும் சொல்லவுமில்லை.

இப்போது செய்ய வேண்டியது இதுதான். கால நீடிப்புக் கேட்டு 40 ஆம் விதியின் கீழ் விண்ணப்பம் போடு. அது பதிவாளரின் கையில் இல்லை, நீதியரசர் ஒருவரின் முன் போகும், ஆகவே காரணம் உறுதியாக இருக்க வேண்டும். சத்தியக்கடதாசியில் உண்மையை எழுது. உடம்பு சரியில்லாமல் இருந்தால் அப்படியே எழுது. இல்லையென்றால் அந்தச் சொல்லைத் தொடாதே, கிளார்க்கின் தலையிலும் போடாதே. எதிர்த்தரப்பு ஆட்சேபிக்கும் முன் நீயே போனால் கேட்பதற்கு ஒரு வழி இருக்கிறது. அவர்கள் சொன்ன பிறகு போனால் கஷ்டம்.

உன்னால் இப்போது நடத்த முடியாது என்றால் அதையும் அந்த மனிசியிடம் நேரே சொல்லிக் கோப்பை வேறொரு சட்டத்தரணியிடம் கொடு. அதில் ஒரு வெட்கமும் இல்லை. கோப்பை மேசையில் வைத்துக்கொண்டு பேசாமல் மட்டும் இருக்காதே. எப்படியென்றாலும் பதிவகத்துக்கு வந்து பார். திரும்பவும் சொல்கிறேன், நீயே வந்து பார்.

முதலில் மூன்றாம் எதிர்மனுதாரர் இப்போது எங்கே இருக்கிறார் என்று கிராம சேவகரிடம் விசாரித்து எழுதி வை. பிறகு உதயதேவி ரயிலில் ஏறு. உன் அறை சும்மாதான் இருக்கிறது. இந்தக் கிழமைக்குள் நீ வராவிட்டால் நான் மட்டக்களப்புக்கு வருவேன்.

அன்புடன்,
அப்பா