ஒன்றியக் கிளை ஆண்டறிக்கை 2023: ஒரு நாளும் 3,170 ரூபாயும்

வணக்கம் தோழர்களே. போன வருட அறிக்கை நீளம் என்று பொருளாளர் இன்னும் சொல்லிக்காட்டுகிறார். அதனால் சந்தா, வரவு செலவு, பணி நிறைவு பாராட்டு எல்லாவற்றையும் அவரிடமே விட்டுவிட்டு நேராக இடைநிலை ஆசிரியர்களான நம் ஊதியத்துக்கு வருகிறேன்.

மாறுதலில் புதிதாக வந்தவர்களுக்காகக் கணக்கை ஒருமுறை சொல்லிவிடுகிறேன். ஆறாவது ஊதியக்குழு வந்தபோது, 2009 மே 31 வரை பணியில் சேர்ந்த இடைநிலை ஆசிரியருக்குப் பழைய அடிப்படை 4,500ஐ 1.86ஆல் பெருக்கி 8,370 என்று நிர்ணயித்தார்கள். மறுநாள் ஜூன் 1 முதல் சேர்ந்தவருக்குப் பெருக்கலும் இல்லை ஒன்றும் இல்லை, 5,200தான். தர ஊதியம் (பணிநிலைக்கேற்ப அடிப்படையோடு சேரும் தொகை) 2,800 இருவருக்கும் ஒன்றே. ஆக வித்தியாசம் 3,170. அதே படிப்பு, அதே பாடப்புத்தகம், பல பள்ளிகளில் பக்கத்துப் பக்கத்து வகுப்பறை. ஏழாவது ஊதியக்குழு 2.57ஆல் பெருக்கியபோது பள்ளமும் சேர்ந்தே பெருகி 8,147 ஆனது, அதன் தலையில் 2023 ஜூலை முதலான அகவிலைப்படி 46 சதவீதத்தை ஏற்றினால் மாதம் 11,900க்குக் கிட்டே வருகிறது, ஆண்டு உயர்வும் சதவீதக் கணக்கு என்பதால் இது தானாகக் குறைய வழியே இல்லை.

2021 தேர்தலில் இதைச் சரிசெய்வது திமுகவின் 311வது வாக்குறுதி. 2022 டிசம்பர் கடைசியில் சென்னையில் டிபிஐ எனும் பள்ளிக் கல்வி இயக்குநரக வளாகத்தில் உண்ணாவிரதம் இருந்தோம் (வளாகத்துக்குப் பேராசிரியர் அன்பழகன் பெயர் வைத்தாகிவிட்டது, நம் வாயிலிருந்து டிபிஐ போகமாட்டேன் என்கிறது). 2023 ஜனவரி 1 அன்று முதல்வர் இதை ஆராய மூன்று பேர் குழுவை அறிவித்தார், ஊர் திரும்பினோம். அப்புறம் ஒன்பது மாதம் காத்திருந்துவிட்டு செப்டம்பர் கடைசியில் மறுபடி அதே இடம். அக்டோபர் 4 அன்று பள்ளிக் கல்வி அமைச்சரின் அறிவிப்பில் பகுதிநேர ஆசிரியர்களுக்கு 2,500 ரூபாய் உயர்வு கிடைத்தது, சந்தோஷம். நமக்குக் கிடைத்தது குழு அறிக்கைக்கு மூன்று மாத அவகாசம். மறுநாள் விடியும் முன்பே போலீஸ் வந்து எல்லோரையும் ஏற்றிக்கொண்டு போனது. நம் கிளையிலிருந்து ஒரு வேன் போயிருந்தது, ஆனால் அதில் பாதி சீட் காலி என்பதையும் இங்கே பதிவு செய்கிறேன். வராதவர்கள் யார் என்று வராதவர்களுக்கே தெரியும்.

கோர்ட்டுக்குப் போனால் என்ன என்று ஒவ்வொரு கூட்டத்திலும் கேட்கிறீர்கள். டெல்லி போலீஸ் டிரைவர் ரந்தீர் சிங் வழக்கில் 1982லேயே உச்ச நீதிமன்றம் சொன்னதுதான்: சம வேலைக்குச் சம ஊதியம் அடிப்படை உரிமை என்று எழுதப்படவில்லை, ஆனால் அரசமைப்பின் இலக்கு, 14, 16ஆம் பிரிவுகளோடு 39(டி)யைச் சேர்த்துப் படித்தால் கேட்டு வாங்கலாம். 2016இல் பஞ்சாப் தற்காலிக ஊழியர் வழக்கிலும் அதே கொள்கை நின்றது. சரி, ஆனால் ஊதிய நிர்ணயம் அரசும் நிபுணர் குழுவும் பார்க்க வேண்டிய வேலை என்றும் நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. அப்படிச் சொன்னால் சுற்றிக்கொண்டு அதே குழுவின் வாசலுக்குத்தான் வந்து நிற்போம்.

பொதுக்குழுவில் சத்தம் போட்ட விஷயத்துக்கு வருகிறேன். மத்திய அரசு ஆசிரியருக்கு ஆறாவது குழுவில் கிடைத்தது 9,300ம் தர ஊதியம் 4,200ம். அதற்கு இணையாக வேண்டும் என்று மூத்தவர்கள், முதலில் நமக்குள் இருக்கும் 3,170ஐச் சரி செய்யுங்கள் என்று 2009க்குப் பின் வந்தவர்கள். இரண்டும் நியாயம். ஆனால் இரண்டையும் ஒரே மனுவில் எழுதினால், பெரிய தொகையைக் காட்டி நிதி இல்லை என்று சின்னதையும் சேர்த்து மூடிவிடுகிறார்கள். எனவே ஒரு நாள் வித்தியாசம் முதலில், மத்திய அரசுக்கு இணையானது தனி மனுவில் என்று நான் எழுதினேன். மூத்தவர்களுக்கு என் மேல் வருத்தம், தெரியும். அவர்களுக்கு ஒரு ரூபாய்கூடத் தராத கோரிக்கைக்காக அந்த வேனில் வந்தவர்களில் மூன்று பேர் மூத்தவர்கள் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

ஓர் அலுவலகத்தில், விடுப்புக் கடிதம் கொடுத்துவிட்டுப் போராட்டத்துக்கு வந்த இருவருக்கு ஒரு நாள் சம்பளம் பிடித்துவிட்டார்கள். மூன்று முறை போய் நின்றேன், ஒருவருடையது திரும்பி வந்துவிட்டது. இன்னொருவருடைய கடித நகலே கிடைக்கவில்லை. இனிமேல் எதைக் கொடுத்தாலும் நகலில் தேதியோடு கையெழுத்து வாங்கி வையுங்கள்.

கூட்டம் முடிந்ததும் 2009 ஜூனுக்குப் பின் சேர்ந்தவர்கள் நியமன ஆணை நகலையும் கடைசி மாத ஊதியச் சீட்டையும் என்னிடம் கொடுத்துவிட்டுப் போங்கள். செராக்ஸ் செலவு சங்கத்துடையது, பொருளாளரிடம் பேசிவிட்டேன்.