படப்பெட்டிகளைக் குப்பையில் போடாதீர்கள்

தென்னாப்பிரிக்காவின் குவாசுலு நத்தால் மாகாணத் தமிழ்ச் சங்கங்கள், கோயில் மண்டபங்களின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். சென்ற மாதம் உங்கள் மண்டபங்களுள் ஒன்றில் சாமான் அறையை ஒழித்தார்கள். உடைந்த நாற்காலிகளோடு நான்கு படப்பெட்டிகளும் குப்பை வண்டிக்காக வாசலில் கிடந்தன. கேட்டு வாங்கி வந்தேன்.

ஒன்றைத் திறந்ததும் காடி (வினிகர்) நெடி மூக்கில் ஏறியது. சுருள் கெட்டுக்கொண்டிருப்பதன் அடையாளம் அது. 16 மில்லிமீட்டர் வண்ணப் பிரிண்ட் (திரையில் ஓட்டும் பிரதி), ஓரமெல்லாம் நெளிந்திருந்தது. ஒரு முழம் உருவி ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். நீலமும் பச்சையும் போய், எஞ்சியது வெளிர்சிவப்பு. ஆனாலும் தெரிந்தது: வாசற்படியில் ஒரு பெண், இடது கன்னத்தில் மட்டும் வெளிச்சம், மறுபாதி முகம் நிழலில். அந்த வெளிச்சம் தானாக வந்து விழுந்ததல்ல. ஒருவர் விளக்கை நகர்த்தி, பார்த்து, மறுபடி நகர்த்திக் கொண்டுவந்தது. அவர் யார்? பெட்டியின் மேல் 'ரீல் 3' என்று எழுதியிருக்கிறது. பெயர்கள் ஓடும் முதல் ரீல் அந்த நான்கில் இல்லை.

நடிகருக்குப் புகைப்படம் மிஞ்சும், பாடகருக்கு இசைத்தட்டு மிஞ்சும். ஒளிப்பதிவாளருக்குப் படச்சுருளைத் தவிர வேறு சொத்து கிடையாது. '16 வயதினிலே' (1977) படத்தில் நிவாஸ், 'முள்ளும் மலரும்' (1978) படத்தில் பாலுமகேந்திரா, 'உதிரிப்பூக்கள்' (1979) படத்தில் அசோக்குமார்: தமிழ்ப்படம் செட்டை விட்டு ஊர் வெயிலுக்கு வந்தது இவர்கள் கண்ணால்தான். மட்டக்களப்பில் பிறந்து, புணேயில் படித்து, 'கோகிலா'வுக்கும் 'மூன்றாம் பிறை'க்கும் தேசிய விருது வாங்கிய பாலுமகேந்திரா, தன் படங்களின் நெகடிவ்கள் (பிரிண்ட் எடுக்கும் மூலச்சுருள்கள்) சில அழிந்துபோனதைச் சொல்லி வருந்தினார். தமிழ்ப்படங்களுக்கு ஒரு காப்பகம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருந்து, 2014இல் போய்விட்டார். நெகடிவ் அழிந்த இடத்தில், எங்கோ தப்பிய ஒரு பழைய பிரிண்ட்தான் அந்த உழைப்புக்குக் கடைசிச் சாட்சி.

அந்த 'எங்கோ' நம் ஊராகவும் இருக்கலாம். 1946 முதல் இந்தியா இந்த நாட்டோடு வணிகத்தை நிறுத்தி வைத்திருந்தும் படங்கள் வந்தன. டர்பனில் கிரே தெரு ஷாஜகான் திரையரங்கில் பார்த்தோம். அங்கே போக வசதியில்லாதவர்களுக்காகச் சாட்ஸ்வொர்த்தில் என் அப்பா வெள்ளிக்கிழமைதோறும் மண்டபத்தில் புரொஜெக்டர் ஓட்டினார். பாயும் பிள்ளையுமாக வருவார்கள். ரீல் அறுந்தால் அப்பா ஒட்டி முடிக்கும்வரை கிழவிகள் கதையைத் தாங்களே சொல்லி முடித்துவிடுவார்கள். (ஒட்டுப்போட்ட இடத்தை விரலால் தடவியே அவர் கண்டுபிடிப்பார்.)

ஆகவே கெஞ்சிக் கேட்கிறேன். உங்கள் அலமாரிகளில் பெட்டி இருந்தால் வெளியே எறியாதீர்கள். பழைய நினைவில் புரொஜெக்டரிலும் ஏற்றாதீர்கள். சுருங்கிய சுருள் கிழிந்துவிடும். காடி நெடி அடிப்பதைத் தனியே வையுங்கள், அந்த ஆவி பக்கத்துப் பெட்டியையும் கெடுக்கும். டர்பன் புழுக்கத்தில் தகரக்கூரைக்கு அடியில் கிடப்பது அதற்கு நஞ்சு. ஈரமில்லாத, குளிர்ந்த அறையில் வைத்தால் அழிவு மெதுவாகும். முற்றிலும் நிற்காது, அதனால் காலம் தாழ்த்தக் கூடாது. மூடியில் உள்ள எழுத்தை அப்படியே குறித்து, பிரிட்டோரியாவில் உள்ள தேசியக் காப்பகத்தின் திரைப்படப் பிரிவுக்கும், புணேயில் 1964 முதல் இருக்கும் இந்தியத் திரைப்படக் காப்பகத்துக்கும் எழுதுங்கள். தமிழ் எழுத்தைப் படிக்க ஆளில்லை என்றால் என்னைக் கூப்பிடுங்கள், வருகிறேன்.

நான்கு பெட்டிகளும் என் வீட்டின் குளிர்ந்த அறையில் இருக்கின்றன. அந்த முதல் ரீல் உங்களில் யாரிடமாவது இருக்கலாம். தேடிப் பாருங்கள்.

அன்புடன்,
படம் ஓட்டியவரின் மகள்