ஓர் ஆளுக்கு எத்தனை கிழங்கு

அன்பு மகனுக்கு,

அம்மா எழுதுவது. பிரெஞ்சு ஃப்ரைஸ் மொறுமொறுப்பாக வரவில்லை, கருத்துப்போகிறது, ஓர் ஆளுக்கு எத்தனை கிழங்கு வேண்டும் என்று நள்ளிரவில் நீ அனுப்பிய செய்தியைக் காலையில்தான் பார்த்தேன். மூன்று பேருக்கான அளவையே எழுதுகிறேன். பெரிய கிழங்காக ஆறு எடுத்துக்கொள்.

நகம் பட்டாலே தோல் உரியும் புதுக்கிழங்கில் நீர் மிகுதி. நன்கு முற்றிய, மாவுப் பதமான கிழங்கே வேண்டும். அதை ஃப்ரிட்ஜில் வைத்துவிடாதே. குளிரில் மாவுச்சத்து சர்க்கரையாக மாறிவிடுவதால், பொரிக்கும்போது சீக்கிரமே கருத்துவிடும். சுண்டுவிரல் கனத்தில் நறுக்கி, அரை மணி நேரம் குளிர்ந்த நீரில் ஊறவைத்து, நீர் தெளியும்வரை அலசி, துணியில் பரப்பி ஈரத்தை ஒற்றி எடு. ஈரம் இருந்தால் எண்ணெய் தெறிக்கும், கை பத்திரம்.

இரண்டு முறை பொரிப்பதில்தான் சூட்சுமம் இருக்கிறது. முதலில் ஏறக்குறைய 150 டிகிரிச் சூட்டில், நிறம் மாறாமல் ஐந்தாறு நிமிடம் வேகவிட்டு எடுத்து ஆறவிடு. பிறகு 190 டிகிரியில் இரண்டு மூன்று நிமிடம், பொன்னிறமாகும்வரை பொரி. ஒரேயடியாகக் கொட்டினால் சூடு இறங்கி, கிழங்கு எண்ணெய் குடித்துத் துவண்டுவிடும். உன் அவசரம் எனக்குத் தெரியும், அதனால்தான் சொல்கிறேன்: கொஞ்சம் கொஞ்சமாகப் போடு. முன்பே உப்பிட்டால் நீர் விடும் என்பதால் உப்பு, மிளகாய்த்தூள், பூண்டுப் பொடி எல்லாவற்றையும் எடுத்த சூட்டோடு தூவு. பொரிக்கப் போடும்போது கிழங்கில் ஈரம் மட்டும் இருக்கவே கூடாது.

உன் பதவி உயர்வை அப்பா தெருவெல்லாம் சொல்லி மகிழ்கிறார். அதைச் சொன்ன நாளுக்குப் பிறகு மூன்று வாரமாக உன் குரலை நாங்கள் கேட்கவில்லை.

பத்து வயதில் இதே கிழங்கை நறுக்கிப் பார்க்கிறேன் என்று நீ வந்து நின்றபோது, ஆண் பிள்ளைக்கு அடுப்படியில் என்ன வேலை என்று கத்தியைப் பிடுங்கிக்கொண்டு உன்னை விரட்டினேன். அன்று பக்கத்தில் நிறுத்திக் கற்றுக்கொடுத்திருந்தால், உன் வீட்டு வேலை முழுவதும் ஒருத்தியின் தலையில் விழுந்திருக்காது. வேலைக்கும் போய்க்கொண்டு அவள் தனியாக அடுப்படியில் நின்றதை, அங்கு வந்திருந்த ஒரு மாதமும் நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். உன்னை எழுந்துபோய் அவளுக்கு உதவச் சொல்லவில்லை. அந்தப் பிழை என்னுடையது. மருமகளிடம் அதை நானே சொல்வேன்.

பாப்பாவின் பங்கில் மிளகாய்த்தூள் சேர்க்காதே. அவளுக்கு உப்பும் சிறிது மிளகுத்தூளும் போதும்.

இப்படிக்கு,
அம்மா