சனிக்கிழமைப் பேச்சு: ஷெஃபீல்டு எஃப்.சி.

நண்பர்களே, சனிக்கிழமை நாம் பேசப்போவது இங்கிலாந்தின் ஷெஃபீல்டு நகரக் கால்பந்து கிளப்பான ஷெஃபீல்டு எஃப்.சி. பற்றி. அதே ஊரின் ஷெஃபீல்டு யுனைடெட்டும் இல்லை, ஷெஃபீல்டு வெட்னஸ்டேயும் இல்லை. போன முறை பாதிப் பேர் குழம்பியதால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

1857 அக்டோபர் 24 அன்று நத்தானியல் கிரெஸ்விக், வில்லியம் பிரெஸ்ட் என்ற இருவர் தொடங்கியது. இன்றும் ஆடிக்கொண்டிருக்கும் கால்பந்து கிளப்புகளில் இதுவே மிகப் பழையது. எதிர்த்து ஆட வேறு கிளப் இல்லாததால் ஆரம்பத்தில் உறுப்பினர்களே இரண்டாகப் பிரிந்து மோதினார்கள். மணமானவர்கள் ஒரு பக்கம், ஆகாதவர்கள் மறுபக்கம் என்றுகூட! 1860 டிசம்பர் 26இல்தான் ஹாலம் கிளப்புடன் முதல் ஆட்டம்.

1885இல் சம்பள ஆட்டக்காரர்களுக்கு அனுமதி கிடைத்தபோது இவர்கள் சம்பளமில்லாத அமெச்சூராகவே நின்றார்கள். பெரிய கிளப்புகள் முந்திக்கொண்டு போய்விட்டன. என்னைக் கேட்டால் வீம்புதான், ஆனாலும் பிடித்திருக்கிறது. 1904இல் எஃப்.ஏ. (இங்கிலாந்துக் கால்பந்து சங்கம்) அமெச்சூர் கோப்பை வென்றார்கள். அப்புறம் நூறு ஆண்டு கழித்து ஃபிஃபாவின் ஆர்டர் ஆஃப் மெரிட் விருது. இதைப் பெற்ற இன்னொரு கிளப் ரியல் மாட்ரிட் மட்டுமே!

2011இல் கையால் எழுதிய தங்கள் பழைய ஆட்ட விதிப் பிரதியை ஏலத்தில் விற்றார்கள். 8,81,250 பவுண்டு கிடைத்தது. விற்றது சரியா? சனிக்கிழமை வரும்போது ஒரு பதிலோடு வாருங்கள்.